பேலா லுகோசியின் மௌனப்படக் காலம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய படங்களைப் பற்றிப் பேச்சு எழுந்தால் பேலா லுகோசியின் பெயர் எப்படியும் வந்துவிடும். கூடவே அதே சில சந்தேகங்களும் வரும். பாதி சந்தேகங்கள் இணையத்தில் சுற்றும் தவறான தகவல்களால் வருபவை, மீதி அவரே பேட்டிகளில் அள்ளிவிட்ட கதைகளால் வருபவை. ஒவ்வொரு முறையும் முதலிலிருந்து விளக்குவதற்குப் பதிலாக, கேட்டவர்கள் கேட்ட விதத்திலேயே கேள்விகளைப் போட்டு இங்கே தொகுத்திருக்கிறேன். 1931-க்குப் பிந்தைய பேய்ப் படங்கள் இதில் அதிகம் வராது. அவற்றைப் பற்றி எழுத ஆட்கள் நிறைய இருக்கிறார்கள்.

யாரு இந்த பேலா லுகோசி? டிராகுலாவா நடிச்சவர்தானே?

அவரேதான். 1931-ல் யுனிவர்சல் நிறுவனம் எடுத்த 'டிராகுலா'வில் கறுப்பு மேலங்கியோடு படிக்கட்டில் மெதுவாக இறங்கி வருவாரே, அவர். ஆனால் அந்தப் படம் வெளிவந்தபோது அவருக்கு வயது 48. அதற்கு முன்பே ஹங்கேரி, ஜெர்மனி, அமெரிக்கா என்று மூன்று நாடுகளில் மௌனப் படங்களில் நடித்து முடித்திருந்தார். மொத்தக் கணக்கு முப்பதை ஒட்டி வரும். அந்தப் பதின்மூன்று ஆண்டுகளைப் பற்றித்தான் இந்தப் பக்கம்.

அவர் ருமேனியாக்காரர்தானே? பிறந்த ஊர் இப்ப ருமேனியாவுலதானே இருக்கு?

ஊர் இப்போது ருமேனியாவில்தான் இருக்கிறது. அவர் பிறந்தது 1882 அக்டோபர் 20. அன்றைக்கு லுகோஷ் என்ற அந்த ஊர் ஆஸ்திரியா-ஹங்கேரிப் பேரரசுக்குள், ஹங்கேரி அரசின் கீழ் இருந்தது. முதல் உலகப்போரில் தோற்ற ஹங்கேரி, 1920-ல் கையெழுத்தான திரியானோன் ஒப்பந்தத்தில் தன் நிலப்பரப்பில் பெரும்பகுதியை இழந்தது. லுகோஷும் அப்படித்தான் கைமாறியது. அவர் வீட்டிலும் மேடையிலும் பேசியது ஹங்கேரிய மொழி.

இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். டிராகுலா டிரான்சில்வேனியாக்காரன், அதனால் லுகோசியும் டிரான்சில்வேனியாக்காரர் என்று விளம்பரக்காரர்கள் கதை கட்டினார்கள். லுகோஷ் இருப்பது டிரான்சில்வேனியாவுக்குப் பக்கத்தில் உள்ள பானாத் பகுதியில்.

லுகோசிங்கிறது சொந்தப் பேரா?

இல்லை. இயற்பெயர் பேலா ஃபெரென்ஸ் தெஜோ பிளாஷ்கோ. பிறந்த ஊரின் பெயரை வைத்து மேடைக்காகச் சூட்டிக்கொண்டதுதான் 'லுகோசி'. ஹங்கேரியில் குடும்பப் பெயர் முன்னால் வரும் என்பதால் அங்கே அவர் 'லுகோஷி பேலா'.

நேரா சினிமாவுக்கு வந்தாரா, நாடகத்துலேருந்து வந்தாரா?

நாடகம்தான். அப்பா வங்கித் தொழிலில் இருந்தவர். அவர் 1894-ல் இறந்தார். பையன் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, 1903 வாக்கில் மாகாண நாடகக் குழுக்களில் துண்டு வேடங்கள் போட ஆரம்பித்தார். தெமேஷ்வார், தெப்ரெட்சென், செகெத் என்று ஊர் ஊராகப் போய் நடித்தார். செகெத் நகரில் ரோமியோவாக நடிக்கும் அளவுக்கு வளர்ந்தார். ஆறடி உயரம், நல்ல முகவெட்டு, பாடவும் வரும். மாகாண ரசிகர்களுக்கு அவர் ஒரு காதல் நாயகன்.

ஒரு வேடத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். இயேசுவின் பாடுகளைச் சொல்லும் நாடகத்தில் அவர் இயேசுவாக நடித்திருக்கிறார். தாடி, நீண்ட முடி, அமைதியான பார்வையோடு எடுத்த அந்தப் புகைப்படம் இன்றும் கிடைக்கிறது. டிராகுலாவாக மட்டும் அவரைப் பார்த்தவர்களிடம் அதைக் காட்டினால் நம்ப மாட்டார்கள்.

புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்குல அவர்தான் பெரிய ஹீரோவாமே?

அமெரிக்கா போன பிறகு அவரே அப்படித்தான் சொல்லிக்கொண்டார். 1913 முதல் 1919 வரை அவர் புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கின் உறுப்பினர் என்பது உண்மை. ஒரு ஹங்கேரிய நடிகருக்கு அது சின்ன கௌரவம் இல்லை. ஆனால் அங்கே அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் சிறு வேடங்களும் நடுத்தர வேடங்களும்தான். மாகாணத்தில் ரோமியோவாக இருந்தவர் தலைநகரில் வரிசையில் பின்னால் நிற்க வேண்டியிருந்தது.

நடுவில் போரும் வந்தது. 1914-ல் காலாட்படையில் சேர்ந்து ரஷ்ய எல்லையில் போரிட்டுக் காயமடைந்தார். 1916-ல் படையிலிருந்து விடுவிக்கப்பட்டு மறுபடி மேடைக்கு வந்தார். மேடையில் கிடைக்காத நாயக வேடங்கள் அடுத்த ஆண்டே சினிமாவில் கிடைத்தன.

முதல் படம் எது?

1917. ஸ்டார் என்ற புடாபெஸ்ட் நிறுவனத்துக்காக அல்ஃப்ரேத் தேஷி இயக்கிய 'முகமூடி நடனம்' அவருடைய தொடக்கப் படங்களில் ஒன்று. வெர்டியின் இசைநாடகக் கதை. இசைநாடகத்தைச் சத்தமே இல்லாத படமாக எடுப்பது இன்றைக்கு விசித்திரமாகத் தெரியும். அன்றைக்கு அரங்கிலேயே பியானோவோ வாத்தியக் குழுவோ இருக்கும், அதனால் யாரும் அதை வினோதமாக நினைக்கவில்லை.

தேஷிதான் அவரைத் தொடர்ந்து பயன்படுத்திய இயக்குநர். 'லியோனி லியோ', 'திருமணப் பாடல்', 'வசந்தப் புயல்', 'வாழ்வின் மன்னன்' எல்லாம் அவர் எடுத்தவை. இன்னொரு பக்கம் ஃபீனிக்ஸ் நிறுவனத்தில் கெர்தேஸ் மிஹாய் என்ற இளைஞர் அவரை வைத்து 'கர்னல்', '99' போன்ற படங்களை எடுத்தார். அந்தக் கெர்தேஸ்தான் பின்னால் மைக்கேல் கர்டிஸ் என்ற பெயரில் ஹாலிவுட்டில் 'காசாபிளாங்கா' எடுத்தவர்.

அப்ப 'ஓல்ட் அரிஸ்டிட்'னு ஒரு நடிகர் பேரு வருதே, அது யாரு?

அதுவும் லுகோசிதான். ஸ்டார் நிறுவனப் படங்களில் அவர் பயன்படுத்திய பெயர் அது. தேசிய நாடக அரங்கின் நடிகர் சினிமாவில் நடிப்பது கௌரவக் குறைச்சல், அதனால் ஒளிந்துகொண்டார் என்று பொதுவாக விளக்கம் சொல்வார்கள். எனக்கு அது முழுதாக ஒட்டவில்லை. அதே காலத்தில் கர்டிஸ் படங்களில் லுகோசி என்ற சொந்த மேடைப் பெயரிலேயே நடித்திருக்கிறார். ஒளிய நினைத்தவர் அங்கேயும் ஒளிந்திருப்பாரே! சுவரொட்டியில் பிரபுக் குடும்பத்துப் பெயர் போல ஒலித்தால் எடுபடும் என்பதும் ஒரு காரணமாக இருந்திருக்கும்.

அந்தக் காலத்துல புடாபெஸ்ட்ல அவ்வளவு படமா எடுத்தாங்க?

எடுத்தார்கள். போரால் பிரெஞ்சு, இத்தாலியப் படங்களின் வரத்து நின்றுபோனது. அரங்குகளை நிரப்ப உள்நாட்டுப் படங்கள் தேவைப்பட்டன. 1918-ல் ஹங்கேரியில் ஒரே ஆண்டில் சுமார் நூறு படங்கள் உருவாயின. கர்டிஸ் ஒரு பக்கம், பின்னால் லண்டனில் பெரிய தயாரிப்பாளரான அலெக்சாண்டர் கோர்டா ஒரு பக்கம் என்று போட்டி போட்டுக்கொண்டு வேலை நடந்தது. லுகோசி ஒன்றிரண்டு ஆண்டுக்குள் ஒரு டஜன் படங்களில் நடித்தது இந்தச் சூழலில்தான்.

ஹங்கேரியில எடுத்த படங்கள்லயும் பேயா, வில்லனாத்தான் வந்தாரா?

பேய்ப் படம் ஒன்றுகூட இல்லை. 'திருமணப் பாடல்' படத்தில் அவர் வயலின் கலைஞர். 'கர்னல்' படத்தில் தலைப்பு வேடம் அவருக்குத்தான். அது ஹெர்ட்செக் ஃபெரென்ஸ் எழுதிய நகைச்சுவை நாடகத்தை ஒட்டியது. ஆஸ்கர் வைல்டின் டோரியன் கிரே கதையை வைத்து எடுத்த 'வாழ்வின் மன்னன்' படத்தில் டோரியனாக நடித்தவர் நோர்பெர்ட் டான் என்ற நடிகர். லுகோசிக்கு லார்ட் ஹென்றி வேடம். இளைஞனின் காதில் இனிக்க இனிக்கப் பேசி அவனைக் கெடுக்கும் நாகரிகக் கனவான் அது.

அந்த லார்ட் ஹென்றி வேடத்தை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். நேர்த்தியான உடை, மரியாதையான பேச்சு, உள்ளே நஞ்சு. டிராகுலாவை அவர் பற்கள் நீட்டிய பூதமாகச் செய்யாமல் மாலை விருந்துக்கு வந்த பிரபுவாகச் செய்ததற்கு விதை இங்கேதான் இருக்கிறது என்பது என் கணிப்பு. படமே கிடைக்காததால் இதற்கு மேல் வாதாட முடியாது.

நல்லா போயிட்டிருந்துச்சு, அப்புறம் ஏன் நாட்டை விட்டு ஓடினார்?

அரசியல். போர் முடிந்ததும் பேரரசு உடைந்தது. லுகோசி நடிகர்களுக்குத் தொழிற்சங்கம் அமைப்பதில் முன்னணியில் நின்றார். மாகாணக் குழுக்களில் வயிறு காய்ந்து நடித்தவர் என்பதால் சம்பளம், ஒப்பந்தம், வேலைநேரம் எல்லாம் அவருக்குச் சொந்தப் பிரச்சினைகள். 1919 மார்ச் 21 அன்று பேலா குன் தலைமையில் ஹங்கேரிய சோவியத் குடியரசு ஏற்பட்டது. அந்த அரசு திரைத்துறையை நாட்டுடைமையாக்கியது. லுகோசி அதை வெளிப்படையாக ஆதரித்து நடிகர் சங்கப் பத்திரிகையில் எழுதினார்.

133 நாட்களில் அந்த ஆட்சி கவிழ்ந்தது. பிறகு வந்தவர்கள் இடதுசாரிகளைத் தேடித் தேடிப் பிடித்தார்கள். கோர்டா கைது செய்யப்பட்டு, வெளியே வந்ததும் வியன்னாவுக்குப் போனார். லுகோசி கைதாகும்வரை காத்திருக்கவில்லை. 1917-ல் திருமணம் செய்த மனைவி இலோனா ஸ்மிக்குடன் வியன்னாவுக்குத் தப்பி, அங்கிருந்து பெர்லின் போனார். இலோனா பெற்றோரிடம் திரும்பிவிட்டார். 1920-ல் விவாகரத்து. தேசிய நாடக அரங்கு, திரைப்பட நாயகன் என்ற பெயர், குடும்பம் எல்லாம் சில மாதங்களில் கையை விட்டுப் போயின.

அப்போ அவர் கம்யூனிஸ்டா?

கட்சித் தலைவர் எல்லாம் இல்லை, தொழிற்சங்கவாதி. ஆனால் அந்த ஈடுபாடு சும்மா வந்து போனதும் இல்லை. இரண்டாம் உலகப்போரின்போது அமெரிக்காவில், ஹங்கேரியை அப்போது ஆண்ட ஹோர்த்தியின் ஆட்சியை எதிர்த்த ஹங்கேரிய-அமெரிக்க ஜனநாயக அமைப்புக்கு அவர் தலைவராக இருந்தார். ஹாலிவுட் நடிகர் சங்கத்திலும் தொடக்க காலத்திலேயே உறுப்பினரானார்.

பெர்லின்ல என்ன படம் பண்ணார்?

1920-ல் மட்டும் கிட்டத்தட்ட பத்துப் படங்கள். அகதியாக வந்தவர், கிடைத்ததையெல்லாம் செய்தார். ரிச்சர்ட் ஐக்பெர்க் என்ற வணிகப்பட இயக்குநரின் 'பிறர் எண்ணத்தின் அடிமைகள்' படத்தில் மனோவசியம் செய்யும் பேராசிரியர். கண்ணாலேயே பிறரை ஆட்டிவைக்கும் வேடம் அவருக்கு முதலில் அமைந்தது இங்கேதான், டிராகுலாவுக்குப் பத்தாண்டு முன்னால். அதே இயக்குநரின் 'எரிமலையின் மேல் நடனம்' படத்தில் அவர் காதல் நாயகன். கார்ல் மாயின் பாலைவனச் சாகசக் கதைகளில் ஷேக் வேடம் போட்டார்.

எல்லாவற்றையும் விடப் பெரிய பெயர் எஃப். டபிள்யூ. முர்னாவ் எடுத்த 'யானுஸ் தலை'. ஜெகில்-ஹைட் கதைதான், உரிமை வாங்காததால் பெயர்களை மாற்றி எடுத்தார்கள். நாயகன் கொன்ராட் ஃபைட். லுகோசிக்கு அவருடைய வீட்டுப் பணியாள் வேடம், அவ்வளவுதான். இந்தப் படத்தின் ஒளிப்பதிவாளர்களில் ஒருவர் கார்ல் ஃபிராய்ண்ட். 1931-ல் 'டிராகுலா'வுக்கு ஒளிப்பதிவு செய்தவரும் அவரே. பணியாளாக ஓரத்தில் நின்றவரை அதே ஆள் பத்தாண்டு கழித்து, கண்களில் மட்டும் வெளிச்சம் விழ க்ளோஸ்-அப் எடுத்தார்.

அமெரிக்கப் பழங்குடியா நடிச்சாராமே, 'லாஸ்ட் ஆஃப் தி மோகிகன்ஸ்' ஹாலிவுட் படம்தானே?

இரண்டு படங்களைக் குழப்பிக்கொள்கிறார்கள். 1920-ல் மோரிஸ் டூர்னர், கிளாரன்ஸ் பிரவுன் எடுத்த ஹாலிவுட் படம் ஒன்று உண்டு. அதில் லுகோசி இல்லை. அதே ஆண்டு ஜெர்மனியில் ஆர்தர் வெலின் அதே ஃபெனிமோர் கூப்பர் கதைகளை 'தோல் காலுறை' என்ற பெயரில் இரண்டு பாகமாக எடுத்தார். அதில் சிங்காச்கூக் என்ற பழங்குடி வீரன் லுகோசிதான். அமெரிக்கக் காட்டை ஜெர்மனிக் காட்டிலேயே எடுத்து முடித்தார்கள். அந்தப் படத்தின் அமெரிக்கச் சுருக்கப் பதிப்பு 'டியர்ஸ்லேயர்' என்ற பெயரில் இன்றும் பார்க்கக் கிடைக்கிறது.

முர்னாவோட 'நோஸ்ஃபெராட்டு'ல அந்த மொட்டைத் தலை வாம்பயர் இவர்தானே?

இல்லை. அது மாக்ஸ் ஷ்ரெக். படப்பிடிப்பு 1921-ல் நடந்தது, லுகோசி அதற்குள் அமெரிக்காவில் இருந்தார். முர்னாவோடு வேலை செய்தவர், டிராகுலாவாகவும் நடித்தவர் என்ற இரண்டையும் முடிச்சுப் போட்டுத்தான் இந்தக் குழப்பம் வருகிறது. மேலே சொன்ன 'யானுஸ் தலை' போலவே 'நோஸ்ஃபெராட்டு'வும் உரிமை இல்லாமல் எடுத்ததுதான். பிராம் ஸ்டோக்கரின் மனைவி வழக்குத் தொடுத்தார், பிரதிகளை அழிக்கும்படி தீர்ப்பும் வந்தது. தப்பிய பிரதிகளால்தான் இன்று நாம் பார்க்கிறோம்.

அதுக்கு முன்னாடியே ஹங்கேரியில ஒரு டிராகுலா படம் வந்துச்சாமே, அதுல?

அதுவும் இல்லை. லைதாய் காரோய் இயக்கிய 'டிராகுலாவின் மரணம்' 1921-ல் உருவானது. தலைப்பு வேடம் பால் அஸ்கோனாஸ். லுகோசி அப்போது நாட்டிலேயே இல்லை. படம் காணாமல் போய்விட்டது, அதனால்தான் அதில் யாரை வேண்டுமானாலும் பொருத்திவிடுகிறார்கள்.

அமெரிக்காவுக்கு எப்படிப் போனார்? ஹாலிவுட் கூப்பிட்டுச்சா?

யாரும் கூப்பிடவில்லை. இத்தாலியக் கரையிலிருந்து கிளம்பிய ஒரு சரக்குக் கப்பலில் பணியாளராகச் சேர்ந்து போனார். 1920 டிசம்பரில் நியூ ஆர்லியன்ஸில் இறங்கி, அங்கிருந்து நியூயார்க் போனார். 1921-ல் எல்லிஸ் தீவில் அதிகாரிகள் விசாரித்து நாட்டுக்குள் சட்டப்படி அனுமதித்தார்கள். குடியுரிமை கிடைத்தது 1931-ல், டிராகுலா வந்த அதே ஆண்டு.

நியூயார்க்கில் ஹங்கேரியர்கள் நிறையப் பேர் வாழ்ந்ததால் அவர்களுக்காக ஹங்கேரிய மொழியிலேயே நாடகம் போட்டு வயிற்றைக் கழுவினார். ஆங்கில மேடையில் கால் வைத்தது 1922 டிசம்பரில், 'சிவப்புப் பாப்பி' என்ற நாடகத்தில்.

ஆங்கிலமே தெரியாம வசனத்தை மனப்பாடம் பண்ணித்தான் டிராகுலாவுல நடிச்சாராமே?

இது பாதி உண்மை, இடம் மாறி ஒட்டிக்கொண்டது. 'சிவப்புப் பாப்பி'யில் அப்படித்தான் நடித்தார். பொருள் சரியாகப் புரியாமல் ஒலியாகவே வசனத்தை மனப்பாடம் செய்தார். டிராகுலா நாடகம் பிராட்வேயில் தொடங்கியது 1927 அக்டோபர் 5. அதற்குள் அவர் ஐந்து ஆண்டுகள் ஆங்கில மேடையில் இருந்துவிட்டார். அந்த நாடகத்தை 261 முறை போட்டார்கள், பிறகு மேற்குக் கரையிலும் நடித்தார். படம் எடுக்கும்போது ஒவ்வொரு வரியும் அவருக்குத் தண்ணீர்பட்ட பாடு. சொற்களை நிறுத்தி நிறுத்தி இழுத்துப் பேசியது அவர் தேர்ந்துகொண்ட பாணி, மொழி தெரியாத தடுமாற்றம் இல்லை.

அமெரிக்காவுல எடுத்த மௌனப் படங்கள் எவை?

முதலில் வந்தது ஃபாக்ஸ் நிறுவனத்தின் 'சைலன்ட் கமாண்ட்' (1923). பனாமா கால்வாயைத் தகர்க்கச் சதி செய்யும் அந்நிய நாட்டு உளவாளி ஹிஸ்டன் வேடம். நாயகன் எட்மண்ட் லோவ். அமெரிக்கக் கடற்படையின் பெருமையைப் பாடும் படம், கதை எனக்குப் பெரிதாகப் பிடிக்காது. ஆனால் லுகோசியின் கண்களைக் கேமரா நெருங்கிப் போகும் இடங்கள் உண்டு. அவரிடம் எது விலைபோகும் என்று அமெரிக்கர்கள் அப்போதே மோப்பம் பிடித்துவிட்டார்கள்.

அடுத்து 'ரிஜெக்டட் வுமன்' (1924), 'டாட்டர்ஸ் ஹூ பே' (1925). இரண்டாவதில் ரஷ்ய உளவாளி. 'மிட்நைட் கேர்ள்' (1925) தனியாகப் பேச வேண்டிய படம். அதில் அவர் நிக்கோலஸ் ஹார்மன் என்ற நியூயார்க் பணக்காரர், இசைநாடகப் பாடகிகளின் புரவலர். ரஷ்யாவிலிருந்து பிழைக்க வரும் பெண்ணாக லைலா லீ. கவனியுங்கள்: பெண் அந்நியள், லுகோசி உள்ளூர்க்காரர்! பேசும்படத்தில் அவருக்கு இப்படி ஒரு வேடம் கிடைத்திருக்கவே முடியாது. 1920-களின் கடைசியில் 'ஹவ் டு ஹேண்டில் விமன்', 'வெய்ல்ட் வுமன்' போன்றவற்றில் தலைகாட்டினார். 'பிரிசனர்ஸ்' (1929) பாதி பேசும், பாதி பேசாத படம்.

லான் சேனியோட 'ஹி ஹூ கெட்ஸ் ஸ்லாப்ட்'ல கோமாளியா வர்றது இவர்தான்னு பட்டியல்ல இருக்கே?

பல பட்டியல்களில் இருக்கிறது, நான் கணக்கில் சேர்ப்பதில்லை. அந்தப் படம் 1924-ல் கலிஃபோர்னியாவில் எம்.ஜி.எம். எடுத்தது. லுகோசியின் வேலை அப்போது நியூயார்க்கில் இருந்தது. வெள்ளைச் சாயம் பூசிய கோமாளிக் கூட்டத்தில் யாரை வேண்டுமானாலும் யாராகவும் காணலாம்.

பேசும்படம் வந்ததும் வெளிநாட்டு நடிகர்களுக்கு வேலை போச்சு. இவருக்கு மட்டும் எப்படி யோகம் அடிச்சுது?

மற்றவர்கள் கதை நீங்கள் சொல்வது போலத்தான். ஹங்கேரியிலிருந்து வந்த வில்மா பாங்கி, வேலன்டினோவோடு ஜோடி சேர்ந்த பெரிய நட்சத்திரம். பேசும்படம் வந்த சில ஆண்டுகளிலேயே திரையை விட்டுப் போனார். டிமில்லின் 'கிங் ஆஃப் கிங்ஸ்' படத்தில் பிலாத்துவாக நடித்த விக்டர் வார்கோனிக்கும் பிறகு சின்னச் சின்ன வேடங்கள்தான். கொன்ராட் ஃபைட் ஜெர்மனிக்கே திரும்பினார். லுகோசிக்கோ 1929-ல் டாட் பிரவுனிங் இயக்கிய 'பதின்மூன்றாவது நாற்காலி'யில் காவல் ஆய்வாளர் வேடம், பிறகு அதே இயக்குநரின் 'டிராகுலா'. உச்சரிப்பே மூலதனமாயிற்று.

ஆனால் இதை யோகம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. மௌனப் படத்தில் அவர் ஆங்கிலேயப் பிரபு, வயலின் கலைஞர், அரபு ஷேக், அமெரிக்கப் பழங்குடி, நியூயார்க் செல்வந்தர் என்று யாராகவும் இருக்க முடிந்தது. வசனத்தை எழுத்தில் காட்டும் டைட்டில் கார்டுக்கு உச்சரிப்பு கிடையாதே. வாயைத் திறந்த பிறகு அவர் ஒரே ஒரு ஆள்தான்: எங்கிருந்தோ வந்த மர்ம மனிதன். அவரைத் தூக்கிவிட்ட குரல்தான் அவருடைய மற்ற வேடங்களையெல்லாம் அடைத்தும் விட்டது.

1931 'டிராகுலா'வே மௌனப் படம்தான்னு ஒருத்தர் அடிச்சுச் சொல்றார். சரியா?

அவர் முழுத் தவறாகவும் சொல்லவில்லை. படம் பேசும்படம்தான். ஆனால் அன்றைக்கு ஒலிக்கருவி பொருத்தாத அரங்குகள் இன்னும் இருந்ததால், டைட்டில் கார்டு சேர்த்த மௌனப் பதிப்பு ஒன்றையும் யுனிவர்சல் வெளியிட்டது. அவர் அதைப் பற்றிப் படித்திருக்கலாம்.

பேசும் பதிப்பைப் பார்த்தாலும் மௌனப் படம் போன்ற உணர்வு வரும். தொடக்கத்தில் 'ஸ்வான் லேக்' இசை வரும், இசை அரங்கக் காட்சியில் கொஞ்சம் இசை வரும். மற்றபடி பின்னணி இசையே கிடையாது. நீளமான அமைதிகள். அவற்றில் லுகோசி செய்வது முழுக்க மௌனப்பட நடிப்பு: கை விரல்கள், தலைத் திருப்பம், பார்வை. மேலே 'பிறர் எண்ணத்தின் அடிமைகள்' பற்றிச் சொன்னதையும் 'சைலன்ட் கமாண்ட்' பற்றிச் சொன்னதையும் மனதில் வைத்துப் பாருங்கள்.

கடைசிப் படத்துலயும் அவருக்கு வசனம் இல்லையாமே?

'பிளான் 9 ஃப்ரம் அவுட்டர் ஸ்பேஸ்' பற்றிக் கேட்கிறீர்கள். அதன் இயக்குநர் எட் வுட் சில நிமிடங்களுக்கு ஒலி இல்லாமல் அவரைப் படமெடுத்து வைத்திருந்தார். 1956 ஆகஸ்ட் 16 அன்று லுகோசி இறந்த பிறகு அந்தத் துண்டுகளைச் சுற்றி ஒரு படத்தைக் கட்டினார். அதற்குச் சற்று முன் வெளியான 'பிளாக் ஸ்லீப்' படத்திலும் அவருக்கு ஊமைப் பணியாள் வேடம். இதில் ஆழமான பொருள் தேடுபவர்கள் உண்டு. உண்மையில் அது காசு இல்லாத தயாரிப்பும் உடல் தளர்ந்த நடிகரும் சேர்ந்த கதை.

சரி, இப்ப பார்க்கணும்னா எதுலேருந்து ஆரம்பிக்கலாம்?

'மிட்நைட் கேர்ள்'. கதை சாதாரணம்தான், ஆனால் முழுநீள வேடம், கோட்டு சூட்டில் இயல்பான லுகோசி. அது பிடித்தால் 'சைலன்ட் கமாண்ட்'. பிறகு பெர்லின் காலத்துக்கு 'எரிமலையின் மேல் நடனம்' படத்தின் வெட்டப்பட்ட ஆங்கிலப் பதிப்பு. அது 'டாட்டர் ஆஃப் தி நைட்' என்ற பெயரில் சுற்றுகிறது. 'டியர்ஸ்லேயர்' கடைசியில் போதும். படத்தின் தரம் மங்கல், இறகுத் தலைப்பாகைக்குள் அவரைக் கண்டுபிடிக்கவே கொஞ்சம் நேரமாகும். உரிமைக் காலம் முடிந்தவை என்பதால் பழைய படங்களை வைத்திருக்கும் தளங்களில் தேடிப் பாருங்கள். பின்னணியில் ஏதோ ஒரு இசையைத் தள்ளியிருப்பார்கள், பிடிக்காவிட்டால் சத்தத்தைக் குறைத்துவிடலாம்.

ஹங்கேரியில நடிச்ச படங்கள் எதுவுமே கிடைக்காதா?

முழுதாக ஒன்றுகூட இன்று பார்க்கக் கிடைப்பதில்லை. மிஞ்சியவை சில புகைப்படங்கள், சுவரொட்டிகள், பத்திரிகை விமர்சனங்கள். அன்றைய படங்கள் பதிவான நைட்ரேட் பிலிம் எளிதில் தீப்பிடிக்கும், கவனிக்காமல் விட்டால் தூளாகிவிடும். அதிலுள்ள வெள்ளிக்காகவே பழைய பிரதிகளைக் கரைத்தவர்களும் உண்டு. போதாக்குறைக்கு இரண்டு உலகப்போர்கள். ஹங்கேரிய மௌனப் படங்களில் மிகச் சிறு பங்கே தப்பியது. முர்னாவின் 'யானுஸ் தலை'க்கும் இதே கதிதான், திரைக்கதை மட்டும் இருக்கிறது.

ஆனால் கதவு முழுதாகச் சாத்தப்படவில்லை. கர்டிஸ் 1914-ல் எடுத்த 'நாடு கடத்தப்பட்டவள்' படமும் தொலைந்ததாகத்தான் நினைத்திருந்தார்கள். 2008-ல் நியூயார்க்கில் ஒரு ஹங்கேரிய மையத்தில் அதன் பிரதி அகப்பட்டது, பிறகு சீர்செய்து திரையிட்டார்கள். லுகோசி படங்களைத் தேடுவதில் கூடுதல் சிக்கல் ஒன்று உண்டு: வெளிநாட்டுக்குப் போன பிரதிகளில் படத்தின் பெயர் மாறியிருக்கும், ஸ்டார் படமாக இருந்தால் நடிகர் பெயரும் ஓல்ட் அரிஸ்டிட் என்றே இருக்கும். லுகோசி என்று தேடுபவர் கண்ணில் அது படாது.